கேம் திறந்தும் ப்ரொஃபைல் மாறவில்லையா? அறிகுறியைப் பார்த்துப் பிழை நீக்கும் வழி

கேமைத் திறந்தால் மவுஸின் டிபிஐ (கர்சர் நகரும் வேகம்) மாற வேண்டும், கீபோர்டில் அந்த கேமுக்கான பட்டன்கள் வர வேண்டும். கேமை மூடினால் எல்லாம் பழையபடி ஆகிவிட வேண்டும். ஆட்டோமேட்டிக் ப்ரொஃபைல் (சேமித்து வைத்த அமைப்புகளின் தொகுப்பு) மாற்றம் செய்யும் வேலை இவ்வளவுதான். அது ஒழுங்காக நடக்கும்வரை யாரும் அதைக் கவனிப்பதில்லை. நின்றுபோனால் உடனே "மவுஸ் போச்சு" என்று முடிவு கட்டி, வேறு மவுஸ் வாங்கக் கிளம்பிவிடுகிறார்கள். காட்பாடி பக்கம் ஹாஸ்டலில் தங்கிப் படிக்கும் பிள்ளைகள் பலர் இப்படிச் செய்வதைப் பார்த்திருக்கிறேன். வீட்டிலிருந்து வந்த பணத்தில் வாங்கிய பொருள் அது. பெரும்பாலும் மவுஸில் ஒரு குறையும் இருக்காது, மென்பொருளில் ஒரு இடத்தில் தவறான ஃபைலைக் காட்டியிருப்பார்கள். அதைக் கண்டுபிடிக்கத்தான் இந்த வழிமுறை.

முதலில் ஒன்றைப் புரிந்துகொள்ளுங்கள், மீதி எல்லாம் இதிலிருந்துதான் வருகிறது. மவுஸ், கீபோர்ட் தயாரிப்பாளர்கள் தரும் லாஜிடெக் ஜி ஹப், ரேசர் சினாப்ஸ், கோர்சேர் ஐக்யூ, ஸ்டீல்சீரீஸ் ஜிஜி என எதை எடுத்தாலும், அந்த மென்பொருளுக்கு நீங்கள் விளையாடுவது என்ன கேம் என்று தெரியாது. இப்போது திரையில் முன்னால் இருக்கும் ஜன்னல் எந்த எக்ஸி (.exe, ப்ரோகிராமை ஓட்டும்) ஃபைலுக்குச் சொந்தம் என்று விண்டோஸிடம் கேட்கும். அந்த ஃபைல் தன் பட்டியலில் இருந்தால் அதற்குரிய ப்ரொஃபைலைப் போடும், இல்லாவிட்டால் பொதுவான ப்ரொஃபைலைப் போடும். ஆகவே எந்தக் கோளாறு வந்தாலும் கேட்க வேண்டிய கேள்வி இரண்டு: முன்னால் இருக்கும் எக்ஸி எது? பட்டியலில் இருக்கும் எக்ஸி எது?

எதையும் தொடுவதற்கு முன் ஒரு சோதனை

ப்ரொஃபைல் மாறுகிறதா இல்லையா என்பதைக் கண்ணால் பார்க்க வேண்டும். மென்பொருள் ஜன்னலைத் திறந்து வைத்துப் பார்த்தால் பயனில்லை, அதைத் திறந்ததுமே அதுதான் முன்னால் இருக்கும் ஜன்னல் ஆகிவிடுகிறது. அதனால் விளக்கை வைத்துப் பாருங்கள். பொதுவான ப்ரொஃபைலுக்கு நீல நிறமும் கேம் ப்ரொஃபைலுக்குச் சிவப்பும் கொடுங்கள். விளக்கு இல்லாத மவுஸ் என்றால் ஒரு ப்ரொஃபைலில் டிபிஐயை 400 என்றும் மற்றதில் 3200 என்றும் வையுங்கள். கை அசைத்தாலே தெரிந்துவிடும்.

அடுத்து, விஎல்சி ப்ளேயருக்கு என்று புதிதாக ஒரு ப்ரொஃபைல் போட்டு, விஎல்சியின் எக்ஸியை அதில் இணைத்துத் திறந்து பாருங்கள். நிறம் மாறினால் மென்பொருளும் மவுஸும் நன்றாக இருக்கின்றன, பிழை அந்த கேமின் இணைப்பில்தான். மாறவில்லை என்றால் மென்பொருளிலேயே ஏதோ ஒரு பூட்டு விழுந்திருக்கிறது, "எந்த ப்ரோகிராமுக்கும் மாறவே மாட்டேன் என்கிறது" என்ற பகுதிக்கு நேராகப் போய்விடுங்கள்.

இந்தச் சோதனைக்கு நோட்பேடை எடுக்க வேண்டாம். விண்டோஸ் 11-ல் நோட்பேட் மைக்ரோசாஃப்ட் ஸ்டோர் வழியாக வரும் ஆப். சிஸ்டம்32 ஃபோல்டரில் நோட்பேட் என்று ஒரு எக்ஸி இருக்கும், அதை இணைத்தால் திறப்பது வேறு இடத்தில் இருக்கும் வேறு ஃபைல். நன்றாக வேலை செய்யும் மென்பொருளையும் கெட்டுப்போனது என்று நம்ப வைத்துவிடும்.

"கேம் ஓடுகிறது, ஆனால் ப்ரொஃபைல் மாறவே இல்லை"

அதிகமாக வரும் அறிகுறி இது. விடுதி அறை ஒன்றில் ஒரு பையன் சொன்னது அப்படியே: "அண்ணா, எல்லாம் கரெக்டாதான் கீது. கேம்குள்ள போனா மட்டும் டிபிஐ மாற மாட்டேங்குது." எந்த ஃபைலைச் சேர்த்தாய் தம்பி என்று கேட்டால், டெஸ்க்டாப்பில் இருக்கும் ஐகானைக் காட்டினான். அங்கேதான் பிழை.

டெஸ்க்டாப் ஐகான் கேம் இல்லை. வேலரன்ட் ஐகானைத் தட்டினால் முதலில் எழுந்து வருவது ரயட் கிளையன்ட் சர்வீசஸ் என்ற வேறு ப்ரோகிராம். உண்மையில் திரையில் ஓடும் கேமின் எக்ஸி பெயர் 'வேலரன்ட்-வின்64-ஷிப்பிங்'. அது ரயட் கேம்ஸ் ஃபோல்டருக்குள் வேலரன்ட், லைவ், ஷூட்டர்கேம், பைனரீஸ், வின்64 என்று ஐந்து படி உள்ளே இருக்கிறது. வழியில் லைவ் ஃபோல்டரிலேயே 'வேலரன்ட்' என்று நேரான பெயரில் ஒரு எக்ஸி கண்ணில் படும். கை தானாக அதைத்தான் எடுக்கும், எடுக்காதீர்கள். ஜிடிஏ 5-ன் பழைய (லெகசி) பதிப்பிலும் இதே நிலைமை: 'ப்ளேஜிடிஏவி', 'ஜிடிஏவி லாஞ்சர்', 'ஜிடிஏ5' என்று மூன்று இருக்கும். ஓடுவது மூன்றாவது.

ஸ்டீம் கேம்களின் டெஸ்க்டாப் ஐகான் இன்னும் மோசம், அது எக்ஸிக்கான ஷார்ட்கட்கூடக் கிடையாது. ஸ்டீமிடம் "730-ஆம் எண் கேமைத் திற" என்று சொல்லும் ஒரு இணைய முகவரி மட்டும்தான். 730 என்பது கவுன்டர்-ஸ்ட்ரைக். அதிலிருந்து மவுஸ் மென்பொருளால் எதையும் தெரிந்துகொள்ள முடியாது. ஸ்டீம் லைப்ரரியில் கேம் பெயரின் மேல் ரைட் கிளிக் செய்து, மேனேஜ் என்பதில் 'ப்ரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ்' கொடுத்தால் சரியான ஃபோல்டர் திறக்கும்.

எந்த கேமுக்கும் சரியான எக்ஸியைக் கண்டுபிடிக்கும் வழி ஒன்றுதான். கேமைத் திறந்து, லாபிவரை அல்ல, மேட்சுக்குள்ளேயே போங்கள். பயிற்சி மேட்ச் போதும். அங்கிருந்து கன்ட்ரோல்-ஷிஃப்ட்-எஸ்கேப் அழுத்தினால் டாஸ்க் மேனேஜர் வரும். கேமின் பெயர்மேல் ரைட் கிளிக் செய்து 'கோ டு டீட்டெய்ல்ஸ்' கொடுங்கள். டீட்டெய்ல்ஸ் பக்கத்தில் ஒரு வரி மட்டும் நிறம் மாறி நிற்கும், அதுதான் நமக்கு வேண்டிய எக்ஸி. அதன்மேல் மறுபடி ரைட் கிளிக் செய்து 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' கொடுத்து, மேலே வரும் முகவரியைக் காப்பி செய்துகொள்ளுங்கள். மவுஸ் மென்பொருளில் ஃபைல் தேர்வு ஜன்னல் வரும்போது அதை அப்படியே ஒட்டிவிடலாம். ஊகத்தில் தேடி அரை மணி நேரம் போக்குவதைவிட இது எவ்வளவோ மேல்.

போன மாதம்வரை நன்றாக மாறிக்கொண்டிருந்தது, திடீரென்று நின்றுவிட்டது என்றால் கேம் அப்டேட்டைச் சந்தேகப்படுங்கள். 2023 செப்டம்பர் 27 அன்று சிஎஸ்கோ (கவுன்டர்-ஸ்ட்ரைக் குளோபல் ஆஃபென்சிவ்) போய் கவுன்டர்-ஸ்ட்ரைக் 2 வந்தபோது எக்ஸியின் பெயரும் மாறியது, இருக்கும் ஃபோல்டரும் மாறியது. பழைய பெயரோடு இணைத்திருந்த ப்ரொஃபைல்கள் அன்றோடு செயலிழந்தன. கவனியுங்கள், ஸ்டீமின் காமன் ஃபோல்டரில் வெளிப்பெயர் இன்னும் 'கவுன்டர்-ஸ்ட்ரைக் குளோபல் ஆஃபென்சிவ்' என்றே இருக்கிறது. புதிய எக்ஸி அதற்குள் கேம், பின், வின்64 என்ற ஃபோல்டரில் 'சிஎஸ்2' என்ற பெயரில் இருக்கும். கேமை சி டிரைவிலிருந்து டி டிரைவுக்கு மாற்றினாலும் இதே கதிதான். பெயரை மட்டும் பார்க்கும் மென்பொருள் தப்பிக்கும், முழு முகவரியையும் பார்ப்பது நின்றுவிடும்.

மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பில் ஒரு தனிச் சிக்கல். ஓடுவது மைன்கிராஃப்ட் என்ற எக்ஸி இல்லை, 'ஜாவாடபிள்யூ'. கம்ப்யூட்டரில் வேறு ஜாவா ப்ரோகிராம்களும் அதே பெயரில் ஓடலாம். ஜாவா ப்ராஜெக்ட் செய்யும் மாணவர்களுக்கு, எழுதிக்கொண்டிருக்கும்போதே மவுஸ் மைன்கிராஃப்ட் ப்ரொஃபைலுக்குத் தாவும் காரணம் இதுதான். மைன்கிராஃப்ட் லாஞ்சர் (கேமைத் திறந்துவிடும் ப்ரோகிராம்) தனக்கென்று ரன்டைம் என்ற ஃபோல்டரில் ஒரு ஜாவா வைத்திருக்கும். டாஸ்க் மேனேஜர் வழியாகப் போனால் அந்த ஃபைல்தான் கிடைக்கும், அதை இணையுங்கள். ப்ளூஸ்டாக்ஸில் ஃப்ரீ ஃபயர் ஆடுபவர்களுக்கு 'எச்டி-ப்ளேயர்' என்பதுதான் எக்ஸி. அதற்குள் எந்த ஆண்ட்ராய்டு கேம் திறந்தாலும் ஒரே ப்ரொஃபைல்தான் வரும், பிரிக்க வழியில்லை. ப்ரவுசரில் ஆடும் கேமும் அப்படித்தான், எந்த டேபில் என்ன இருந்தாலும் மென்பொருளின் கண்ணுக்கு எல்லாமே குரோம். கேமுக்கு எட்ஜ், மற்ற வேலைக்கு குரோம் என்று ப்ரவுசரையே பிரித்துக்கொள்வது நல்ல வழி.

எக்ஸ்பாக்ஸ் ஆப்பில் இறக்கிய கேம்கள் பெரும்பாலும் சி டிரைவில் 'எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ்' என்ற ஃபோல்டரில் இருக்கும், அதைத் திறந்து சேர்க்கலாம். 'விண்டோஸ்ஆப்ஸ்' ஃபோல்டரில் இருப்பதை விண்டோஸ் திறக்க விடாது. அந்த ஃபோல்டரின் உரிமையை மாற்றச் சொல்லும் வீடியோக்களைப் பின்பற்ற வேண்டாம், ஸ்டோர் ஆப்கள் எல்லாமே கெட்டுப்போகும் ஆபத்து இருக்கிறது. கேமைத் திறந்து வைத்துவிட்டு மென்பொருளில் கேம் தேடும் பட்டனை அழுத்திப் பாருங்கள். கிடைக்காவிட்டால் கையாலேயே மாற்றிக்கொள்ளுங்கள்.

"எந்த ப்ரோகிராமுக்கும் மாறவே மாட்டேன் என்கிறது"

விஎல்சி சோதனையிலும் தோற்றவர்கள் இங்கே வர வேண்டும். மூன்று இடங்களில் பாருங்கள்.

ஒன்று, ஆன்போர்டு மெமரி. மவுஸுக்குள்ளேயே சிறிய நினைவகம் இருக்கிறது. ஜி ஹப்பில் மவுஸ் படத்தைத் தட்டி அதன் செட்டிங்ஸுக்குப் போனால் 'ஆன்போர்டு மெமரி மோட்' என்ற பட்டன் இருக்கும். அது ஆன் ஆகியிருந்தால் மவுஸ் தன் நினைவகத்தில் இருப்பதை மட்டும் கேட்கும், மென்பொருள் என்ன சொன்னாலும் காதில் வாங்காது. நண்பர் யாராவது மேட்ச் ஆட வந்தபோது ஆன் செய்துவிட்டு மறந்திருப்பார். ஆஃப் செய்தால் போதும். இது ஒவ்வொரு கருவிக்கும் தனித்தனி என்பதால், கீபோர்ட் மாறுகிறது மவுஸ் மாறவில்லை என்ற அறிகுறிக்கும் இங்கேதான் விடை.

இரண்டு, நிரந்தர ப்ரொஃபைல். ஜி ஹப்பில் 'பெர்சிஸ்டென்ட் ப்ரொஃபைல்' என்று ஒன்றைக் குறித்துவிட்டால் எந்த கேம் வந்தாலும் அதுவே நிற்கும். மாற்றக் கூடாது என்று நீங்களே சொன்னதாக அது எடுத்துக்கொள்கிறது. அந்தக் குறியை நீக்குங்கள்.

மூன்று, மென்பொருள் ஓடுகிறதா என்பது. கம்ப்யூட்டர் வேகமாகத் திறக்கட்டும் என்று டாஸ்க் மேனேஜரின் ஸ்டார்ட்அப் பக்கத்தில் எல்லாவற்றையும் டிஸேபிள் செய்துவிடுகிறார்கள். ப்ரொஃபைலை மாற்றுவது நாம் பார்க்கும் ஜன்னல் இல்லை, பின்னால் ஓடும் ஏஜென்ட். ஜி ஹப்புக்கு அதன் பெயர் 'எல்ஜிஹப் ஏஜென்ட்'. அதுவும் சேர்ந்து ஓட வேண்டும். பழைய லாஜிடெக் கேமிங் சாஃப்ட்வேரும் ஜி ஹப்பும் ஒரே கம்ப்யூட்டரில் இருந்தாலும், சினாப்ஸின் பழைய பதிப்பும் புதியதும் சேர்ந்து இருந்தாலும் ஒன்றை எடுத்துவிடுங்கள். வீட்டுக் கம்ப்யூட்டரில் அக்காவின் கணக்கு சைன் அவுட் ஆகாமல் பின்னால் இருக்க, தம்பி தன் கணக்கில் ஆடினால் இரண்டு ஏஜென்ட்கள் ஒரே மவுஸுக்குப் போட்டியிடும். மற்றதை சைன் அவுட் செய்துவிட்டுப் பாருங்கள்.

ரேசர் சினாப்ஸ் வைத்திருப்பவர்களுக்கு இன்னொன்று: அங்கே மவுஸுக்குத் தனி ப்ரொஃபைல் பட்டியல், கீபோர்டுக்குத் தனிப் பட்டியல். கேமை ஒன்றில் இணைத்துவிட்டு மற்றதில் விட்டால் பாதிதான் மாறும். ஐக்யூவில் ஒரு ப்ரொஃபைலுக்குள்ளேயே எல்லாக் கருவிகளும் அடங்கும்.

"கேமை மூடினேன், ப்ரொஃபைல் திரும்பி வரவில்லை"

கேம் ஜன்னல் போனாலும் எக்ஸி பின்னால் உயிரோடு இருக்கலாம். டாஸ்க் மேனேஜரில் பார்த்து 'எண்ட் டாஸ்க்' கொடுங்கள். அது இல்லை என்றால், லாஞ்சரையும் கேம் ப்ரொஃபைலோடு இணைத்திருக்கிறீர்களா என்று பாருங்கள். கேமை மூடியதும் முன்னால் வருவது லாஞ்சர்தான், அதனால் மென்பொருள் சரியாகவே நடந்துகொள்கிறது. டெஸ்க்டாப்புக்கு என்று ஒரு ப்ரொஃபைலைத் தெளிவாகக் குறித்து வைப்பதும் முக்கியம், திரும்பிப் போக ஒரு இடம் வேண்டும்.

இதே குடும்பத்தில் பயமுறுத்தும் ஒரு அறிகுறி உண்டு: கேமிலிருந்து வெளியே வந்ததும் ஏதோ ஒரு எழுத்து தானாக அடித்துக்கொண்டே போகும், அல்லது ஷிஃப்ட் அழுத்தியது போலவே எல்லாம் நடக்கும். மேக்ரோ (ஒரே பட்டனில் பல கீகளை வரிசையாக அழுத்தும் பதிவு) ஒரு கீயை அழுத்தி, விடுவதற்குள் ப்ரொஃபைல் மாறிவிட்டது. 'விட்டாயிற்று' என்ற செய்தி விண்டோஸுக்குப் போகவில்லை. அந்தக் கீயைக் கையால் ஒருமுறை தட்டினால் நின்றுவிடும். ஷிஃப்ட், கன்ட்ரோல், ஆல்ட் மூன்றையும் தலா ஒருமுறை தட்டிவிடுங்கள். ஒருமுறை தட்டினால் ஓடிக்கொண்டே இருக்கும் வகை மேக்ரோவுக்குப் பதில், அழுத்திப் பிடித்திருக்கும்வரை மட்டும் ஓடும் வகையைத் தேர்ந்தெடுத்தால் பெரும்பாலும் வராது.

"ஆடிக்கொண்டிருக்கும்போதே மாறி மாறி வருகிறது"

கேமைத் தவிர வேறு ஏதோ ஒன்று நொடி நேரம் முன்னால் வந்து போகிறது. இரண்டாவது மானிட்டரில் டிஸ்கார்ட் என்ற அரட்டை ஆப்பைத் தொட்டாலே கேம் பின்னால் போனதாகக் கணக்கு. மெசேஜ் பாப்அப், எக்ஸ்பாக்ஸ் கேம் பார், ஓபிஎஸ் போன்ற ரெக்கார்டிங் மென்பொருள் எல்லாமே இதைச் செய்யக்கூடியவை. ஒவ்வொன்றாக நிறுத்திப் பார்த்து ஆளைக் கண்டுபிடியுங்கள்.

தீர்வு எளிது: டிஸ்கார்ட், ஓபிஎஸ் போன்றவற்றின் எக்ஸியையும் அதே கேம் ப்ரொஃபைலோடு இணைத்துவிடுங்கள். ஒரு ப்ரொஃபைலுக்கு ஒரே ப்ரோகிராம்தான் என்று உங்கள் மென்பொருள் அடம் பிடித்தால், கேம் ப்ரொஃபைலைப் பிரதி எடுத்து டிஸ்கார்டுக்குக் கொடுங்கள். போட்டி நாளில் மட்டும் நிரந்தர ப்ரொஃபைலாகப் பூட்டிவிட்டு, முடிந்ததும் எடுத்துவிடுவதுதான் என் யோசனை. பூட்டியதை மறக்காமல் எடுங்கள்.

"ப்ரொஃபைல் மாறுகிறது, பட்டன் மட்டும் கேமுக்குள் வேலை செய்யவில்லை"

நிறம் சிவப்பாகிறது, நோட்பேடில் பட்டனை அழுத்தினால் எழுத்து வருகிறது, கேமில் ஒன்றும் நடக்கவில்லை. கேம் அட்மினிஸ்ட்ரேட்டராக ஓடுகிறதா என்று பாருங்கள். விண்டோஸ் விஸ்டா காலத்திலிருந்தே ஒரு பாதுகாப்பு இருக்கிறது: சாதாரண உரிமையில் ஓடும் ப்ரோகிராம், அட்மின் உரிமையில் ஓடும் ப்ரோகிராமுக்குக் கீ அழுத்தங்களை அனுப்ப முடியாது. கேமின் எக்ஸிமேல் ரைட் கிளிக் செய்து ப்ராபர்ட்டீஸில் கம்பாட்டிபிலிட்டி பக்கம் போய், அட்மினிஸ்ட்ரேட்டராக ஓட்டும் டிக்கை எடுத்துவிடுங்கள். மவுஸ் மென்பொருளையும் அட்மினாக ஓட்டினால் வேலை நடக்கும்தான், ஆனால் அதைச் சோதனைக்கு மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். இறக்கிய மேக்ரோக்களை எல்லாம் அட்மின் உரிமையோடு ஓட விடுவது நல்ல பழக்கம் இல்லை.

அட்மின் பிரச்சினை இல்லை என்றால் கேமே தடுக்கலாம். வேலரன்டின் வான்கார்ட் என்ற ஏமாற்றுத் தடுப்பு மென்பொருள், கம்ப்யூட்டர் திறக்கும்போதே கெர்னல் (விண்டோஸின் அடிப்படை) மட்டத்தில் ஏறி உட்கார்ந்துகொள்ளும். அதைச் சுற்றிப் போக வழி சொல்ல மாட்டேன். அப்படிச் செய்து கணக்கு போனால் அதில் வாங்கிய ஸ்கின்களும் சேர்ந்தே போகும். கவுன்டர்-ஸ்ட்ரைக் 2-லும் 2024 ஆகஸ்டில் அதைத் தயாரிக்கும் வால்வ் தெளிவாகச் சொல்லிவிட்டது: எதிரெதிர் திசைக் கீகளை கீபோர்டே சமாளிக்கும் ஸ்னாப் டேப் போன்ற வசதிகளும், ஒரே கீயில் குதித்து எறியும் பைண்டுகளும் (கீ அமைப்புகளும்) அவர்களுடைய அதிகாரப்பூர்வ சர்வர்களில் கூடாது. பயன்படுத்தினால் மேட்சிலிருந்து தூக்கிவிடுவார்கள். ஆட்டோமேட்டிக் ப்ரொஃபைல் உண்மையிலேயே கை கொடுக்கும் இடம் இதுதான். சிஎஸ்2-க்கு என்று ஒரு ப்ரொஃபைல் போட்டு அதில் ஸ்னாப் டேப்பை ஆஃப் செய்து வையுங்கள். மற்ற கேமில் ஆன் ஆக இருந்தாலும், இங்கே வந்ததும் தானாக அணைந்துவிடும். ஆனால் அந்த இணைப்பு சரியாக மாறுகிறதா என்று நிறம் வைத்து உறுதி செய்த பிறகுதான் மேட்ச் போட வேண்டும்.

"மேக்ரோவை அழுத்தினால் சம்பந்தமில்லாத எழுத்துகள் வருகின்றன"

இது கேம் ஆடுபவர்களைவிட, பக்கவாட்டில் பட்டன் உள்ள மவுஸை வேலைக்குப் பயன்படுத்தும் டிடிபி கடைக்காரர்களுக்கு வருவது. குடியாத்தம் கெங்கையம்மன் சிரசுத் திருவிழா நெருங்கும் மே மாதத்தில் இந்தப் பக்கம் பேனர், நோட்டீஸ் வேலை குவியும். ஃபோட்டோஷாப்புக்கு ஒரு ப்ரொஃபைல், கோரல்டிராவுக்கு ஒன்று, டேலிக்கு ஒன்று என்று வைத்துக்கொண்டால் கை வேகம் நன்றாகவே கூடும். கடையின் முகவரியை ஒரே பட்டனில் அடிக்க மேக்ரோவும் போட்டு வைப்பார்கள். காலையில் சரியாக வந்த முகவரி மதியம் தமிழ் எழுத்துக் குவியலாக வரும். "இன்னா நைனா இது, வைரஸா?" என்று கேட்பார்கள்.

வைரஸ் இல்லை. மேக்ரோ பதிவு செய்து வைத்திருப்பது எழுத்தை அல்ல, கீயை. தமிழ்99 என்ற தமிழ்க் கீபோர்ட் முறை ஆன் ஆகியிருக்கும்போது ஆங்கில எச் இருக்கும் கீயை அழுத்தினால் க வரும், அதே கீயை மேக்ரோ அழுத்தினாலும் க தான் வரும். பட்டன் வேலை செய்தது, மொழிதான் மாறியிருந்தது. இதற்குச் சரியான வழி, முகவரியைக் கீகளாகப் பதிவு செய்யாமல் உரையாகவே கொடுப்பது. ஜி ஹப்பின் மேக்ரோவிலும் சினாப்ஸிலும் 'டெக்ஸ்ட்' என்று ஒரு வகை இருக்கிறது. அதில் கொடுத்த உரை, கீபோர்ட் எந்த மொழியில் இருந்தாலும் அப்படியே விழும். தமிழிலும் கொடுக்கலாம், ஆனால் யூனிகோடு ஏற்கும் இடமாக இருக்க வேண்டும். யூனிகோடு அல்லாத பழைய பாமினி எழுத்துரு போட்ட பெட்டியில் யூனிகோடு உரை ஒத்துவராது.

கூடவே விண்டோஸில் ஒரு மாற்றம் செய்யுங்கள். செட்டிங்ஸில் டைம் அண்ட் லாங்குவேஜ், அதில் டைப்பிங், அதில் அட்வான்ஸ்டு கீபோர்ட் செட்டிங்ஸ். ஒவ்வொரு ஆப் ஜன்னலுக்கும் தனி உள்ளீட்டு முறை வைத்துக்கொள்ளும் டிக் அங்கே இருக்கும். அதைப் போட்டுவிட்டால் ஃபோட்டோஷாப் தமிழிலும் டேலி ஆங்கிலத்திலும் அததன் மொழியில் நிற்கும். விண்டோஸின் சொந்தக் கீபோர்டுகளுக்குத்தான் இது பொருந்தும். என்எச்எம் ரைட்டர் போன்ற தனி மென்பொருள் வழியாகத் தமிழ் அடிப்பவர்கள் அதை அணைத்த பிறகே கீ மேக்ரோவைத் தொட வேண்டும்.

"பட்டன் மாறுகிறது, விளக்கு மட்டும் மாறவில்லை"

2023-லிருந்து விண்டோஸ் 11-லேயே டைனமிக் லைட்டிங் வந்துவிட்டது. செட்டிங்ஸில் பர்சனலைசேஷனுக்குள் இருக்கிறது. அது ஆன் ஆக இருந்தால் விளக்கின் கட்டுப்பாடு விண்டோஸிடம் போய்விடும். ஆஃப் செய்யுங்கள், தீர்ந்தது. நிறம் வைத்துச் சோதிக்கும்போது இதையும் முதலிலேயே பார்த்துவிட்டால் வீண் குழப்பம் இருக்காது.

"வேறு கம்ப்யூட்டரில் செருகினால் எதுவும் மாறவில்லை"

தன் மவுஸை எடுத்துக்கொண்டு காந்தி நகர் பக்கம் கேமிங் சென்டருக்குப் போகிறவர்கள் கேட்பது. மவுஸோடு போவது ஆன்போர்டு மெமரியில் இருப்பது மட்டும்: டிபிஐ, பட்டன் மாற்றங்கள், சில மவுஸ்களில் மேக்ரோவும். எந்த எக்ஸிக்கு எந்த ப்ரொஃபைல் என்ற பட்டியல் உங்கள் கம்ப்யூட்டரிலேயே இருக்கிறது, அது மவுஸோடு வராது. சென்டர் கம்ப்யூட்டர்களில் மென்பொருளை இறக்கி அமைத்தாலும், ரீஸ்டார்ட் ஆனதும் பழைய நிலைக்குத் திரும்பும்படி பூட்டி வைத்திருப்பார்கள். அதனால் கிளம்பும் முன் உங்களுக்கு அதிகம் வேண்டிய ஒரு ப்ரொஃபைலை ஆன்போர்டு மெமரியில் ஏற்றிக்கொண்டு போங்கள். திரும்பி வந்ததும் ஆன்போர்டு மோடை ஆஃப் செய்யுங்கள்.

"கரண்ட் போய் வந்த பிறகு எல்லாம் மறந்துவிட்டது"

கத்திரி வெயிலில் வேலூரில் கரண்ட் போவதும் வருவதும் யாருக்கும் புதிதில்லை. யுபிஎஸ் இல்லாத கம்ப்யூட்டர் பட்டென்று அணையும்போது, மென்பொருள் தன் அமைப்பு ஃபைலை எழுதிக்கொண்டிருந்தால் அந்த ஃபைல் கெட்டுவிடும். திறந்தால் ப்ரொஃபைல் பட்டியல் காலியாக இருக்கும், அல்லது லோகோ சுற்றிக்கொண்டே நிற்கும்.

பட்டியல் இருக்கிறது, மாறுவதுதான் இல்லை என்றால் முதலில் ரீஸ்டார்ட் கொடுங்கள். ஷட் டவுன் செய்து மறுபடி ஆன் செய்வது போதாது. ஃபாஸ்ட் ஸ்டார்ட்அப் இருக்கும் கம்ப்யூட்டர் ஷட் டவுனின்போது கெர்னலையும் டிரைவர்களையும் உறக்க நிலையில் சேமித்து வைத்து, ஆன் செய்யும்போது அப்படியே எழுப்பும். கோளாறும் கூடவே எழுந்து வரும். ரீஸ்டார்ட் மட்டும்தான் எல்லாவற்றையும் புதிதாக ஏற்றுகிறது. ஸ்லீப்பிலிருந்து எழுந்த பிறகு மட்டும் வரும் பிழை என்றால், வயர்லெஸ் ரிசீவரை யுஎஸ்பி ஹப்பிலிருந்து எடுத்து நேராக கம்ப்யூட்டரில் செருகுங்கள். பவர் ஆப்ஷன்ஸில் யுஎஸ்பி செலக்டிவ் சஸ்பென்டையும் நிறுத்திவிடுங்கள்.

பட்டியலே போய்விட்டது என்றால் பிரதி இருந்தால்தான் மீளும். ஜி ஹப் தன் அமைப்புகளை யூசர் ஃபோல்டரில் ஆப்டேட்டா, லோக்கல், 'எல்ஜிஹப்' என்ற இடத்தில் 'செட்டிங்ஸ்' என்ற டேட்டாபேஸ் ஃபைலில் வைக்கிறது. ஆப்டேட்டா மறைந்திருக்கும், ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் மறைந்தவற்றைக் காட்டச் சொல்லுங்கள். மென்பொருளையும் ஏஜென்டையும் முழுவதும் நிறுத்திவிட்டு அந்த ஃபோல்டரை ஒரு பென்டிரைவில் காப்பி செய்துகொள்ளுங்கள். சினாப்ஸிலும் ஐக்யூவிலும் ப்ரொஃபைலை எக்ஸ்போர்ட் செய்யும் வசதியே இருக்கிறது. ப்ரொஃபைல்களை ஒழுங்காக அமைத்து முடித்த அன்றே இதைச் செய்யுங்கள்.

அழித்துவிட்டுப் புதிதாகப் போடுவது கடைசியில்

இதுவரை சொன்ன எதற்கும் மசியாவிட்டால் மட்டும் அன்இன்ஸ்டால். எக்ஸ்போர்ட் எடுக்காமல் அதில் இறங்க வேண்டாம். அன்இன்ஸ்டால் செய்த பிறகும் ஆப்டேட்டாவிலும் ப்ரோகிராம்டேட்டாவிலும் பழைய ஃபோல்டர் மிஞ்சியிருக்கும். அதை அழிக்காமல் மறுபடி போட்டால் கெட்டுப்போன அதே அமைப்பைத்தான் புதிய மென்பொருளும் படிக்கும். ஃபோல்டரை நீக்கி, ரீஸ்டார்ட் செய்து, தயாரிப்பாளரின் தளத்திலிருந்து மட்டும் இறக்கிப் போடுங்கள். போட்டதும் சேமித்த எல்லா ப்ரொஃபைல்களையும் ஒரே மூச்சில் ஏற்ற வேண்டாம். முதலில் விஎல்சி சோதனை. நிறம் மாறினால் ஒரு கேமை ஏற்றி, மேட்சுக்குள் போய்ப் பாருங்கள். அதுவும் மாறினால் அடுத்ததை ஏற்றுங்கள். எந்த ப்ரொஃபைலை ஏற்றியதும் நின்றதோ அதுதான் கெட்டுப்போனது, அதை மட்டும் கையால் புதிதாக எழுதிக்கொள்ளுங்கள்.